நான் அழித்த உன் பக்கம்

மக்கா,

நேற்று போனில் நீ சொன்ன பதில் நியாயமானதுதான். உனக்குத் தெரிந்ததை வைத்துப் பார்த்தால் வேறு எதையும் சொல்ல முடியாது. கோலாலம்பூரில் உனக்கு வேலை கிடைத்திருக்கிறது, இன்னும் பன்னிரண்டு நாளில் சென்னையிலிருந்து விமானம். யாத்தி மாக்சிக் அதன் பக்கத்து ஊரான கிள்ளானில் தன் தெருவிலேயே உனக்கு ஓர் அறை பார்த்து வைத்திருக்கிறாள், சாப்பாடு அவள் வீட்டில், அவள் கணவர் உன்னை அழைத்துப்போக விமான நிலையத்துக்கே வருவார் என்று நான் சொன்னேன். "அந்த வீட்டுப் படிய நான் மிதிக்க மாட்டேன்மா. என்னை வேண்டாம்னு வச்சவ வீட்டுல போய் சோறு திங்கதுக்கா?" என்று கேட்டாய். "சரி, அப்புறம் பேசலாம்" என்று வைத்துவிட்டேன். யாத்தியின் மகள் ஐனா உன்னை வேண்டாம் என்று வைக்கவில்லை. நீ அவளை விட்டுப் போகவும் இல்லை. இரண்டு பேருக்கும் நடுவில் இருந்தது நான். நான்கு வருஷமாக இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. இப்போதும் சொல்லாமல் விட்டால், எனக்குத் தெரிந்த மிக நல்ல குடும்பம் ஒன்றை நீ காரணமே இல்லாமல் இழந்துவிடுவாய். அதனால் எழுதுகிறேன். நேரில் பேசினால் பாதியில் உன் சட்டைக்கு பட்டன் இருக்கிறதா என்று கேட்கப் போய்விடுவேன் என்பது உனக்கும் தெரியும், உன் அப்பாவுக்கும் தெரியும். இதை நீ யாரிடம் வேண்டுமானாலும் காட்டலாம்.

உனக்குப் பதினேழு வயது. சவூதியில், ஜுபைலில் இதே வீடு, ஹாலில் ஒரே கம்ப்யூட்டர், அதன் முகம் வாசலைப் பார்த்து இருக்க வேண்டும் என்று நான் போட்ட சட்டம். யாத்தி எங்கள் ஆஸ்பத்திரியில் பெண்கள் வார்டு நர்ஸ். நான் வேலை பார்க்கிற லேபுக்கு சாம்பிள் கொண்டு வரும்போது டியூபில் பெயர் எழுதாமல் ஒருமுறைகூட வந்ததில்லை. அதனால்தான் எனக்கு அவளைப் பிடித்தது. எங்களுக்குள் ஆஸ்பத்திரி இங்கிலீஷ்தான், உனக்காக அதைத் தமிழில் எழுதுகிறேன். அவள் என்னை 'காக்' என்பாள், அக்கா என்று அர்த்தம். நீ அவளை 'மாக்சிக்' என்றாய், அது சித்தி, அத்தை எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே சொல். அவள் கணவருக்கு ஊரில், கிள்ளான் துறைமுகத்தில் ஷிஃப்ட் வேலை. பதினைந்து வயது மகள் ஐனா அங்கே யாத்தியின் தங்கை வீட்டில் இருந்து படித்தாள். வருஷத்துக்கு ஒரு லீவில் பார்க்கிற மகள். வெள்ளிக்கிழமை மத்தியானம் நம் வீட்டுக்குச் சாப்பிட வந்த யாத்தி ஒருநாள் உன்னிடம் ஒரு துண்டுக் காகிதத்தைக் கொடுத்து, "இதில் என் மகள் இருக்கிறாளாம், எப்படிப் பார்ப்பது?" என்று கேட்டாள். அது அந்த நண்பர்கள் தளத்தின் முகவரி. இன்று அதன் பெயரைச் சொன்னால் உன் வயதுக்காரர்களே சிரிக்கிறார்கள். அன்று மலேசியாவில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் பாதிப்பேர் அதில்தான் குடியிருந்தார்கள் என்று யாத்தி சொன்னாள்.

அந்தப் பக்கம் திறந்தது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. ஊதா நிறப் பின்னணி, மேலிருந்து கீழே உதிரும் நட்சத்திரம், கேட்காமலேயே பாடத் தொடங்கிய ஒரு பாட்டு. உள்ளே தூங்கிக்கொண்டிருந்த அப்பா எழுந்து வந்து, "என்னலே இது, பொட்டிக்குள்ள பஸ் ஸ்டாண்டா?" என்றார். யாத்தி அதையெல்லாம் பார்க்கவே இல்லை. மூலையில் சின்னதாக இருந்த படத்தைப் பார்த்து, "முடியை வெட்டியிருக்கிறாள். என்னிடம் சொல்லவே இல்லை" என்றாள். அதற்காகத்தான் நீயும் அதில் ஒரு பக்கம் திறந்தாய். நண்பராகச் சேர்ந்தால்தான் எல்லாவற்றையும் பார்க்க முடியும். அதன் பிறகு வெள்ளிக்கிழமைதோறும் நீ திரையில் வாசிக்க, யாத்தி கையில் தட்டுடன் பக்கத்தில் நின்று அர்த்தம் சொன்னாள். மூன்று மாதத்தில் உனக்கு மலாய் வந்துவிட்டது. எந்தப் புத்தகத்திலும் இல்லாத மலாய். 'இல்லை' என்பதற்கு ஓர் எக்ஸ் போதும். ஒரு சொல்லை இரண்டு தடவை சொல்ல வேண்டியிருந்தால் ஒரு தடவை எழுதிப் பக்கத்தில் 2 என்று போட்டுவிடுவார்கள். நீ அதை வீட்டுக்குள்ளும் கொண்டுவந்தாய். ஃபிரிட்ஜ் கதவில் "அம்மா, பசி. சீக்கிரம்2" என்று எழுதி ஒட்டியிருந்தாய். அப்பா அதைப் பார்த்துவிட்டு, "நம்ம ஃபோர்மேனுக்கும் இத சொல்லிக் குடுக்கணும்டே. யல்லா2, ஜல்தி2ன்னு போர்டு எழுதி மாட்டிட்டு அவரு போய்ப் படுத்துக்கலாம்" என்று சொல்லி ஒரு வாரம் சிரித்தார்.

நான் சிரிக்கவில்லை. எனக்கு அந்த நட்சத்திரங்கள் அன்றும் பிடிக்கவில்லை, இன்றும் பிடிக்கவில்லை. ஆனால் ஒன்றைக் கவனித்தேன். உன் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள், நம் ஊர்ப் பிள்ளைகள், அதே மாதிரித் தளங்களில் எழுதியதெல்லாம் இங்கிலீஷ், அதுவும் நேர்முகத் தேர்வுக்குப் போவதுபோன்ற இங்கிலீஷ். ஐனாவின் கூட்டம் வீட்டில் பேசுவதை அப்படியே எழுதியது. இலக்கணம் தெரியாமல் அல்ல, யாருக்கும் பயப்படாமல். ஒருவர் பக்கத்தில் இன்னொருவர் சாட்சி எழுதுவதுபோல நாலு வரி எழுதுவார்கள், இவள் எப்படிப்பட்டவள், எதற்குச் சிரிப்பாள், எதற்கு அழுவாள் என்று. எழுதி வாங்கினால் திருப்பி எழுத வேண்டும். நம் கடற்கரையில் பக்கத்து வீட்டுக்காரி மீன்குழம்பு கொடுத்த சட்டியை யாரும் வெறுமனே திருப்பித் தருவதில்லையே, அதே கணக்குதான். இன்னொரு வழக்கமும் இருந்தது. கூடப் பிறக்காதவர்களை அண்ணன், தங்கையாக எடுத்துக்கொள்வது. முன்பு அது பள்ளிக்கூடத்தில் சீட்டு எழுதி நடந்ததாம், யாத்திக்கே அப்படி ஓர் அக்கா இருந்தாளாம். அதை இந்தப் பிள்ளைகள் இணையத்துக்கு மாற்றிக்கொண்டார்கள். ஐனா உன்னை 'அபாங்' என்று, அண்ணன் என்று, எடுத்துக்கொண்டாள். எதற்கு என்று உன்னைவிட எனக்கு நன்றாகத் தெரியும். அவள் அம்மாவை வாரா வாரம் பார்க்கிறவன் நீ. "இன்று அம்மா என்ன சாப்பிட்டார்? இருமல் போய்விட்டதா?" என்றுதான் பெரும்பாலும் கேட்பாள். நீயும் அவள் பக்கத்தில் பதினோரு வரி எழுதினாய். யாத்தி அதை வாசித்துவிட்டு அடுக்களைக்குள் போய் வெங்காயம் உரித்தாள், நான் கேட்காமலே.

எனக்கு அப்போதும் சந்தேகம்தான். முகம் பார்க்காத அண்ணன், முகம் பார்க்காத தங்கை, இதயம் இதயமாகப் படம். நான் வளர்ந்த இடத்தில் ஒரு பெண் ஒரு பையனுக்கு எழுதினால் அதற்கு ஒரே அர்த்தம். நாம் இருக்கிற நாட்டில் அந்த அர்த்தத்துக்கு விலை அதிகம். நீ பையன், அவள் முஸ்லிம் பெண், அப்பாவின் விசா கஃபீலின், வேலைக்கு எடுத்த அரபி முதலாளியின், கையில். அந்த மாதம் அப்பாவின் கம்பெனி ஆட்கள் தங்கும் கேம்பிலிருந்து ஒருவரை ஒரே நாளில் ஊருக்கு அனுப்பினார்கள். காரணம் ஆளுக்கொன்று சொன்னார்கள், ஒரு பெண்ணுக்குப் போன் செய்ததால் என்றும் ஒருவர் சொன்னார். நான் பயந்ததை நியாயப்படுத்தவில்லை. பயம் எங்கிருந்து வந்தது என்று மட்டும் சொல்கிறேன்.

ஈத் விடுமுறை. மலாய்க்காரர்கள் அதை ஹரி ராயா என்பார்கள். மத்தியானம் நீயும் அப்பாவும் தூண்டிலை எடுத்துக்கொண்டு கடலோரம் கார்னிஷுக்குப் போயிருந்தீர்கள். உன் பக்கம் திறந்தே இருந்தது. புதிதாக ஒரு செய்தி, ஐனாவிடமிருந்து. சுற்றிலும் எண்ணெய் விளக்கு எரிகிற மாதிரிப் படம். நான் வாசிக்கக்கூடாது என்று தெரியும். வாசித்தேன். புரியாத சொற்களை இணைய அகராதியில் ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தேன். "அபாங், என் தவறுகள் எல்லாவற்றையும் மன்னித்துவிடுங்கள். வெளியே தெரிந்ததையும், உள்ளே மறைந்திருப்பதையும்." இவ்வளவுதான். உள்ளே மறைந்திருப்பது என்ற இடத்தில் என் கை நின்றுவிட்டது. ஒருவர் மன்னிப்புக் கேட்டால் ஏதோ நடந்திருக்க வேண்டும். நாம் பாவசங்கீர்த்தனத்துக்குப் போனால்கூட, என்ன செய்தோம் என்று சொல்லித்தானே கேட்கிறோம்? என்ன நடந்தது, எது மறைந்திருக்கிறது என்று நான் யோசிக்கத் தொடங்கினேன். யோசிக்கத் தொடங்கினால் நான் எங்கே போய் நிற்பேன் என்று உனக்குத் தெரியும். அரை மணி நேரத்தில் உனக்குக் கல்யாணமே நடத்தி முடித்து, அப்பாவின் வேலையையும் தொலைத்துவிட்டேன்.

பக்கத்தை நீக்குவதற்கான இடத்தைத் தேடிக் கண்டுபிடித்தேன். அந்தத் தளம் திரும்பக் கேட்டது, உறுதிதானா என்று. நீக்கினால் நீங்கள் மற்றவர்களுக்கு எழுதிய வரிகளும் அவர்கள் பக்கத்திலிருந்து மறைந்துவிடும் என்று எச்சரித்தது. மகனே, நான் கை தவறி அழுத்தவில்லை. அதை வாசித்துவிட்டுத்தான் அழுத்தினேன். பிறகு திரையை அணைத்துவிட்டு, நீங்கள் கொண்டுவரப் போகிற மீனுக்கு மசாலா அரைத்தேன்.

மறுநாள் எனக்கு டியூட்டி. பத்து மணிக்கு யாத்தி லேபுக்கு வந்தாள், கையில் சாம்பிள் இல்லை, ஒரு டப்பா நிறையப் பலகாரம். என் இரண்டு கையையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டு அதே வாக்கியத்தைச் சொன்னாள். வெளியே தெரிந்ததையும், உள்ளே மறைந்திருப்பதையும் மன்னித்துவிடு என்று.  "நீ எனக்கு என்ன செய்தாய்?" என்று கேட்டேன். "ஒண்ணும் இல்லை காக். ராயா அன்னிக்கு நாங்க எல்லாரும் எல்லார்கிட்டயும் கேட்போம். புருஷன்கிட்ட, பிள்ளைகிட்ட, பால்காரன்கிட்ட. தெரிஞ்ச தப்பு இல்லேன்னா தெரியாத தப்புக்கு. இப்போ பிள்ளைங்க கம்ப்யூட்டர்ல கேட்கிறாங்க. ஒரே தடவையா எழுதி நூறு பேருக்கு அனுப்பிடறாங்க, சோம்பேறிங்க" என்று சிரித்தாள். அந்த நூறு பேரில் ஒருவருடைய பக்கத்தை நான் திறந்திருந்தால் போதும், அதே விளக்கு, அதே வரி. லேபில் மிஷின் சரியா என்று பார்க்க, அளவு தெரிந்த கன்ட்ரோலை முதலில் ஓட்டாமல் ஒரு நோயாளியின் ரிசல்ட்டைக்கூட நான் வெளியே அனுப்பியதில்லை, இருபது வருஷத்தில் ஒருநாளும். வீட்டில் ஒரே ஒரு ரீடிங்கை வைத்து, அதுவும் தெரியாத பாஷையில், உன்னைப் பற்றி ரிப்போர்ட் எழுதிக் கையெழுத்தும் போட்டுவிட்டேன்.

அன்று மாலையே சொல்லியிருந்தால் இது ஒரு வேடிக்கைக் கதையாக முடிந்திருக்கும். சொல்லவில்லை. நீ உள்ளே போக முடியவில்லை என்றதும் தளத்தை இங்கே தடை செய்துவிட்டார்கள் என்று நினைத்தாய். எத்தனையோ பக்கங்கள் அப்படித்தானே மூடின. நானும் "இருக்கும்" என்றேன். ஒரு வாரம் கழித்துப் புதிதாக ஒரு பக்கம் திறந்து ஐனாவுக்கு அழைப்பு அனுப்பினாய். அவள் ஏற்கவில்லை. மறுபடி அனுப்பினாய். ஏற்கவில்லை. "பெரிய இவ" என்று சொல்லிவிட்டு நாற்காலியைத் தள்ளி எழுந்தாய். அதன்பின் யாத்தி வந்த வெள்ளிக்கிழமைகளில் உனக்கு ட்யூஷன் இருந்தது, அல்லது தலைவலி இருந்தது. யாத்தி சாப்பிட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் கம்ப்யூட்டரைப் பார்ப்பாள், பிறகு பாத்திரம் கழுவித் தந்துவிட்டுப் போவாள்.

அங்கே ஐனாவுக்கு என்ன நடந்தது என்று உனக்கு இதுவரை தெரியாது. ஹரி ராயா அன்று ஒரு பெண் மன்னிப்புக் கேட்கிறாள். பதிலுக்கு அண்ணன் தன் பக்கத்தையே எடுத்துக்கொண்டு, அவளுக்கு எழுதிய பதினோரு வரியையும் பிடுங்கிக்கொண்டு போய்விடுகிறான். அவர்கள் வழக்கத்தில் அதைவிடப் பெரிய அவமானம் இல்லை. அவள் அம்மாவுக்குப் போன் செய்து அழுதிருக்கிறாள். யாத்தி அதை உன்னிடம் கேட்கக் கூச்சப்பட்டு என்னிடம் கேட்டாள், லேப் வாசலில் நின்று: "என் மகள் அவனுக்கு என்ன தப்பு செஞ்சா? கேட்டுச் சொல்லு காக். நான் அவளைத் திருத்துறேன்." நான் சொன்ன பதில் இது: "பையன்கள் அப்படித்தான் யாத்தி. பரீட்சை வருகிறது, அவனுக்கு அதெல்லாம் அலுத்துவிட்டது." பக்கத்தை அழித்தது பயத்தில் செய்தது. இது பயத்தில் செய்ததல்ல. என் மரியாதையைக் காப்பாற்றிக்கொள்ள உன் பெயரைக் கொடுத்தேன். இந்தக் கடிதத்தில் உன்னிடம் நான் மன்னிப்புக் கேட்பது முக்கியமாக இதற்குத்தான்.

யாத்தி அதன்பிறகும் மூன்று வருஷம் இங்கே இருந்தாள். நீ கல்லூரிக்குப் போன அன்று உனக்காக ஒரு பேனா வாங்கி வந்தாள். ஊருக்குத் திரும்பிய பிறகும் மாதம் ஒருமுறை பேசுகிறாள். உனக்கு வேலை கிடைத்தது என்றதும் முதலில் அவள் கேட்டது, "எங்கே தங்குவான்?" மனஸ்தாபம் இருந்தும் கதவைத் திறந்து வைக்கிறவர்கள் உலகத்தில் அதிகம் இல்லை. நீ போகிற ஊரில் உனக்குப் புரியாத வழக்கம் நிறைய இருக்கும். ஒரு சொல் உனக்குத் தைத்தால், அல்லது அளவுக்கு மீறி இனித்தால், முடிவு செய்வதற்கு முன்னால் அங்கேயே யாரிடமாவது கேள். வெட்கப்படாமல் கேள். சந்தேகப்படுவது தப்பு என்று நான் சொல்லமாட்டேன், நான் இன்றும் சந்தேகக்காரிதான். சந்தேகத்தோடு பாதியில் நின்றுவிடுவதுதான் தப்பு. அதைக் கடைசிவரை கொண்டுபோய்ச் சரிபார்த்திருந்தால் நான் யாருடைய எதையும் அழித்திருக்க மாட்டேன். அடுத்த வருஷம் எனக்கு ஐம்பது. உனக்குத் தர என்னிடம் இருக்கிற உருப்படியான புத்தி இவ்வளவுதான்.

இன்று காலை யாத்திக்குப் போன் செய்து எல்லாவற்றையும் சொன்னேன். உன்னிடம்தான் முதலில் சொல்லியிருக்க வேண்டும். ஆனால் இந்தக் கடிதத்தை அனுப்பிவிட்டு அந்தப் போனைத் தள்ளிப்போட்டுவிடுவேனோ என்று என்மேல் எனக்கு நம்பிக்கை வரவில்லை. யாத்தி கடைசிவரை கேட்டாள். பிறகு, "உன் பையனை நான் நாலு வருஷம் வேற ஆளா நினைச்சுட்டேனே காக்" என்றாள். கோபமாகத்தான் சொன்னாள். அந்தக் கோபம் எனக்கு வேண்டியதுதான். பிறகு போனை ஐனாவிடம் கொடுத்தாள். குரல் அம்மாவுடையது, வேகம் மட்டும் இரண்டு மடங்கு.

"அப்போ அபாங் போகலையா?"

"போகவில்லை. நான்தான் எடுத்தேன்."

"ஐயோ மாக்சிக். நான் என் பிளாக்ல அவரைப் பத்தி எழுதியிருக்கேன். அரபு நாட்டுல ஒரு கர்வக்கார அண்ணன்னு தலைப்பு. என் ஃப்ரெண்ட்ஸ் எல்லாரும் வந்து கீழே திட்டியிருக்காங்க. ஒருத்தி அவரை ஒட்டகம்னு சொல்லியிருக்கா. அது இன்னும் அப்படியே இருக்கு. இப்பவே எடுத்துடவா?"

எடுத்துவிடு என்று நாக்கு நுனிவரை வந்துவிட்டது. "அதை நான் சொல்லக்கூடாது. அவன் வாசித்துவிட்டுச் சொல்லட்டும்" என்றேன். "அவர் வாசிச்சா நான் செத்தேன்" என்று சிரித்தாள், பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, "வருவாரா?" என்று கேட்டாள். தெரியாது என்றேன். உண்மையாகவே எனக்குத் தெரியாது.

நீ என்மேல் கோபப்படலாம், எவ்வளவு நாள் வேண்டுமானாலும். அந்தக் கோபத்தை ஐனா வீட்டின்மேல் மட்டும் காட்டிவிடாதே. கம்பெனி பார்த்துத் தரும் அறையில் தங்குவதா, கிள்ளானில் தங்குவதா என்பது உன் முடிவு, நான் அதில் வாய் திறக்கப் போவதில்லை, அப்பாவிடமும் சொல்லிவிட்டேன். போனை வைக்கும் முன்பு பின்னால் யாத்தியின் கணவருடைய குரல் கேட்டது. விமானம் எத்தனை மணிக்கு இறங்கும், ஷிஃப்ட் மாற்ற வேண்டும் என்று கேட்டார். டிக்கெட்டின் நகல் என் கையில்தான் இருந்தது. மகன் கூப்பிட்டுச் சொல்வான் என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

அம்மா